பின்னால் போகாத பஸ்

திரும்ப வேண்டிய இடத்தை டிரைவர் பென்கோ தவறவிட்டார். பெரிய தூரமில்லை, பஸ்ஸின் நீளம்கூட இருக்காது. வால்நட் மரத்தடியில் இடது கைப்பக்கம் மலையேறும் பாதை, தோப்லி மைதானத்துக்குப் போகிற ஒரே பாதை, கண்ணாடிக்கு வெளியே மெல்ல நழுவிப் போவதை ஓக்னியன் கடைசி இருக்கையிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தான். பார்த்த பிறகும் வாயைத் திறக்கவில்லை. திறந்து என்ன பிரயோஜனம். மேட்சுக்குப் போகிற பஸ் பின்னால் போகக் கூடாது. ஓர் அடி போனாலும் அன்றைக்கு ஆட்டம் போயிற்று. பால் குடிக்கும் பருவத்திலிருந்து பல்கேரியாவில் பந்து உதைக்கிற எவனுக்கும் இதைத் தனியாகச் சொல்லித்தர வேண்டியதில்லை.

"விட்டுட்டீங்களா அண்ணே?" என்று முன்வரிசையிலிருந்து கோச் ஸ்தாமென் கேட்டார்.

"விடல. மேல போய் ஊரைச் சுத்திக்கிட்டு வரலாம்னு பாக்கறேன்," என்றார் பென்கோ. உதட்டில் சூரியகாந்தி விதைத் தோல் ஒன்று ஒட்டியிருந்தது. விதை கொறிப்பதில்தான் திருப்பத்தை விட்டார் என்பதற்கு அதைவிட வேறு சாட்சி வேண்டாம்.

"மேல ஊர் இருக்கா?"

"ரோடு எங்கயாவது போய்த்தானே ஆகணும் தம்பி."

பஸ் போனது. பஸ்ஸின் பின்னால் வந்த ஆதரவாளர்களின் கார்களும் வால்நட் மரத்தைப் பார்த்தன, திருப்பத்தைப் பார்த்தன, ஒரு கணம் தயங்கின, பிறகு அத்தனையும் பஸ்ஸின் பின்னாலேயே வந்தன. டீம் பஸ்ஸை முந்திக்கொண்டு மைதானத்துக்குப் போகிற அளவுக்கு யாருக்கும் தைரியமில்லை. வரிசையின் முதல் கார் நெவேனாவின் பச்சை ஓப்பல். ஓக்னியனின் மனைவி. அவள் பக்கத்தில் வெலிச்கா, பெலவோடா கிளப்பை நடத்துகிறவள். குடைமிளகாயைச் சுட்டுப் புட்டியில் அடைக்கும் தொழிற்சாலை அவளுடையது; பஸ்ஸும் அவளுடையதுதான். ஆனால் மேட்சுக்கு முன்னால் பஸ்ஸில் பெண் ஏறக் கூடாது என்று இன்னொன்று இருந்ததால், தன் பஸ்ஸைத் தானே பின்னாலிருந்து பார்த்துக்கொண்டு வரவேண்டியிருந்தது.

ஓக்னியன் பின்கண்ணாடி வழியாக நெவேனாவைப் பார்த்தான். அவள் ஸ்டியரிங்கிலிருந்து ஒரு கையை எடுத்து, 'எங்கே போறீங்க?' என்று விரல்களை விரித்துக் கேட்டாள். அவன் தோளைத் தூக்கிக் காட்டினான்.

அவனுக்கு முப்பத்தாறு வயது. இது பதினோராவது கிளப். கருங்கடல் ஓரத்தில் ஒன்று, தன்யூப் கரையில் ஒன்று, சோபியாவின் புறநகரில் ரயில் பாதையை ஒட்டி ஒன்று, நடுவில் ஆறு மாதம் சைப்ரஸ், அங்கே வெயிலில் மூக்குத் தோல் உரிந்ததைத் தவிர வேறொன்றும் நடக்கவில்லை. போன இடமெல்லாம் கோல் போட்டான். எங்கேயும் அவனை வைத்துக்கொள்ளத் தோன்றும் அளவுக்குப் போடவில்லை. பெரிய கிளப் ஒன்று ஒரு முறை ஆளனுப்பிப் பார்த்தது. அன்றைக்கு அவன் மூன்று வாய்ப்புகளைத் தவறவிட்டு நான்காவதை வானத்துக்கு அனுப்பினான். "நீ ஆடாத டீம் ஏதாவது பாக்கி இருக்காடா நாட்டுல?" என்று உடைமாற்றும் அறையில் கேட்பார்கள். "ராணுவ பேண்டு வாத்தியக்காரங்க டீம் ஒண்ணு இருக்காம், சொல்லி வெச்சிருக்கேன்," என்பான் அவன்.

ஒவ்வொரு ஊரிலும் நெவேனா ஒரு கண்ணாடியும் ஒரு நாற்காலியும் போட்டு முடி வெட்ட ஆரம்பிப்பாள். அந்த ஊர்ப் பெண்களின் முடி அவளுக்குப் பழகுகிற நேரத்தில் பெட்டி கட்ட வேண்டியிருக்கும். ஒரு தடவைகூட அவள் முகம் சுளித்ததில்லை. பெலவோடாவில்தான் முதன்முறையாகக் கடைவாசலில் தன் பெயரைப் பலகையில் எழுதி மாட்டினாள். அதற்குப் பிறகு ஒரு நாள் பாத்திரம் கழுவிக்கொண்டே, "ஓகி, இனிமே நான் பெட்டி கட்டறதா இல்ல," என்றாள். கோபம் இல்லை, அழுகை இல்லை, உப்பு தீர்ந்துவிட்டது என்று சொல்வது மாதிரி. கத்தியிருந்தால் சமாதானம் செய்திருப்பான். இதற்கு என்ன செய்வது? நீ போனால் போ என்கிறாளா, போகாதே என்கிறாளா? கேட்கப் பயந்து, துடைக்கிற துணியை எடுத்துக்கொண்டு பக்கத்தில் போய் நின்றான்.

இன்றைக்கு ஜெயித்தால் பெலவோடா இரண்டாம் பிரிவுக்கு ஏறும். ஏறினால் அவனுக்கு இன்னொரு வருஷம் ஆட்டம், அப்புறம் பள்ளிப் பிள்ளைகளின் அணிக்குப் பயிற்சி தரும் வேலை. தோற்றால் கிளப்பையே மூடுவதாக வெலிச்கா சொல்லிவிட்டாள். "எனக்கு மிளகா போதும். மிளகா கோல் வாங்காது." ஆக, ஜெயித்தால் அவன் அந்த ஊரில் இருப்பான். தோற்றால் பன்னிரண்டாவது ஊர். அங்கே நெவேனா வருவாளா என்பது அவனுக்குத் தெரியாது.

மேலே ஊர் இருக்கத்தான் செய்தது. ஆனால் அதற்கு முன்பு ரோடு ஒரு பக்கம் பாறையும் ஒரு பக்கம் ஓடையுமாக இறுகி, வளைந்து, வளைவுக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு மஞ்சள் பஸ் வந்தது. இரண்டும் பிரேக் போட்டு, மூக்கும் மூக்கும் உரசாத குறையாக நின்றன. மஞ்சள் பஸ்ஸின் நெற்றியில் 'கலினோவெட்ஸ்' என்று எழுதியிருந்தது. இன்றைக்கு எதிரே ஆடப் போகிற டீம். மலைக்கு அந்தப் பக்கத்திலிருந்து வருகிறார்கள்.

இரண்டு டிரைவர்களும் கண்ணாடி வழியாக ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு இருவரும் ஒரே சமயத்தில் கையை வீசி, 'பின்னாடி போ' என்றார்கள்.

"செத்தாலும் மாட்டேன்," என்று பென்கோ எஞ்சினை அணைத்தார். மஞ்சள் பஸ்ஸின் எஞ்சினும் அணைந்தது.

அதற்கப்புறம் நடந்தது ஒரு திருவிழா. பின்னால் நின்ற கார்களிலிருந்து ஹாரன், அப்புறம் ஆட்கள், அப்புறம் மடக்கு நாற்காலிகள். மேலேயிருந்த கிராமத்துக்காரர்கள் சத்தம் கேட்டு இறங்கி வந்து, விஷயம் தெரிந்ததும் திரும்பிப் போய் வாளி வாளியாகச் செர்ரிப் பழமும், ஒரு பெரியவர் வீட்டுச் சாராயமும் கொண்டுவந்தார்கள். சாராயத்தை ஆடுகிறவர்கள் தொடக் கூடாது என்று இரண்டு கோச்சுகளும் ஒரே குரலில் கத்தினார்கள். அன்றைக்கு அவர்கள் ஒத்துப்போனது அந்த ஒன்றில் மட்டும்தான். பாறைமேல் உட்கார்ந்து செர்ரி தின்ற பெலவோடாக்காரர்கள் கொட்டையை ஓடைக்கு அந்தப் பக்கம் துப்ப, கலினோவெட்ஸ்காரர்கள் அதைவிடத் தூரமாகத் துப்ப, அதுவே ஒரு மேட்சாக மாறியது. மாற்று கோல்கீப்பர் தீஹோமிர், நூற்றுப் பத்து கிலோ, மூச்சை இழுத்து ஒரு கொட்டையைத் துப்பினான், அது ஓடையைத் தாண்டி அங்கே மேய்ந்துகொண்டிருந்த ஒரு கழுதையின் காதில் பட்டது. இரண்டு டீமும் கை தட்டியது.

மஞ்சள் பஸ்ஸின் பின்னால் நின்ற சின்னக் காரிலிருந்து ரெஃபரி இறங்கி வந்தார். கறுப்பு உடுப்பிலேயே வந்திருந்தார். இரண்டு பஸ்களையும் சுற்றிப் பார்த்துவிட்டு, கடிகாரத்தைக் காட்டினார்.

"அஞ்சு மணி ஆட்டம். அரைமணி நேரம் பொறுப்பேன். அதுக்குள்ள மைதானத்துல இல்லாத டீம் தோத்த மாதிரி. ரெண்டு டீமும் இல்லன்னா ரெண்டும் தோத்த மாதிரி. மேல ஏறறது பட்டியல்ல மூணாவதா இருக்கறவன்."

"நீங்களும்தான் இங்க மாட்டிக்கிட்டு இருக்கீங்க," என்றார் ஸ்தாமென்.

"நான் தோக்க மாட்டேன்," என்று ரெஃபரி ஒரு செர்ரியை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

நடந்து போகலாமே என்று யாரோ சொன்னார்கள். திருப்பம் வரைக்கும் திரும்பிப் போய், அங்கிருந்து செங்குத்தாக மலையேற வேண்டும். கால் உளைய ஏறிப்போய் எப்படி ஆடுவது? அதோடு, எதிராளியின் பஸ் முன்னால் தங்கள் பஸ்ஸை அநாதையாக விட்டுவிட்டுப் போக இரண்டு டிரைவரும் சம்மதிக்கவில்லை.

ஓக்னியன் மஞ்சள் பஸ்ஸை நோக்கிப் போனான். வேறு யாரும் போக முடியாது. அங்கே எல்லோரையும் தெரிந்தவன் அவன்தான். இரண்டு வருஷம் அந்த டீமுக்கு ஆடி, அந்தப் பஸ்ஸில்தான் போய் வந்திருக்கிறான். அந்தப் பக்கத்துப் படியில் த்ராகோமிர் உட்கார்ந்திருந்தார், கலினோவெட்ஸின் கோச். தலை முழுக்க நரைத்திருந்தது. சைப்ரஸிலிருந்து போன் வந்த அன்று, இந்த மனிதரிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் காலுறையைக்கூட அலமாரியில் விட்டுவிட்டு ஓக்னியன் கிளம்பியிருந்தான். அதன்பிறகு அந்த ஊர் வழியாகப் போக நேர்ந்தால் மறுபக்க ஜன்னலைப் பார்த்துக்கொண்டு போவான். விட்டுவந்த எந்த ஊருக்கும் அவன் திரும்பிப் போனதில்லை. தன்னுடைய தைரியத்தின் அடையாளம் என்று வெகுகாலம் அதை நினைத்துக்கொண்டிருந்தான்.

"வாடா, ஓடிப்போனவனே," என்றார் த்ராகோமிர். "முட்டி எப்படி இருக்கு?"

"மழை வந்தா முதல்ல அதுதான் சொல்லுது. கோச், கொஞ்சம் பெரிய மனசு பண்ணி ஒரு அம்பது மீட்டர் பின்னாடி எடுக்கச் சொல்லுங்களேன். வளைவுல இடம் இருக்கு. நாங்க ஒதுங்கித் திரும்பிக்கறோம்."

"அம்பது மீட்டர்தானே? அப்ப நீங்க எடுங்க."

"எங்களுக்கு ஐந்நூறு மீட்டர் கோச்."

"தப்பு பண்ணினவன் தூரம் போகணும்." அவர் சிரித்தார். "ஞாபகம் இருக்கா? பெட்ரோல் பங்க்குல என் பஸ் கொஞ்சூண்டு பின்னால உருண்டதுக்கு, இறங்கி வீட்டுக்குப் போயிடுவேன்னு அழுதது யாரு? இருபது கிலோமீட்டர் மலையைச் சுத்தி என்னைக் கூட்டிக்கிட்டுப் போனது யாரு?"

ஓக்னியனுக்குக் காது சூடாயிற்று. உண்மைதான். நம்பிக்கைகளில் அவனை மிஞ்ச ஆளில்லை. இடது பூட்ஸை முதலில் போடுவான், கோட்டை மிதிக்க மாட்டான், ரயிலில்கூட எஞ்சினைப் பார்த்த இருக்கையில்தான் உட்காருவான். ஒவ்வொரு தோல்விக்கும் ஒரு காரணம் கையில் இருப்பது எவ்வளவு சௌகரியம். நான் சுமாரான ஆட்டக்காரன் என்று ஒத்துக்கொள்வதைவிட, வழியில் ஒரு காலிக்குடம் எதிரே வந்தது என்பது லேசாக இருக்கும்.

"அன்னிக்கு நாம தோத்தோமா?" என்று கேட்டான்.

"நாலு வாங்கினோம். அதுல ஒண்ணு நீயே நம்ம வலைக்குள்ள போட்டது."

ஓக்னியன் சிரிக்க ஆரம்பித்தான். அடக்கப் பார்த்தான், முடியவில்லை. த்ராகோமிரும் படியைப் பிடித்துக்கொண்டு குலுங்கினார். எதிரிகள் இரண்டு பேருக்குள் என்ன சிரிப்பு என்று ரெஃபரி எட்டிப் பார்த்தார்.

திரும்பி வந்து ஓக்னியன் சொன்னான், "அவங்க அசைய மாட்டாங்க. நாமதான் எடுக்கணும்."

பென்கோ சாவியைப் பிடுங்கி பஸ்ஸின் முன்பக்கத்தில் டணால் என்று வைத்தார். "எடுக்கறவன் எடுத்துக்கோ. மேட்சுக்கு முன்னாடி அந்த கியர்ல கை வெச்சதில்ல. இன்னிக்கும் வெக்க மாட்டேன்." பாறைமேல் போய்த் தீஹோமிரின் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார்.

டீம் கூடிப் பேசியது. பஸ் பின்னால் போனால்தானே குற்றம், எல்லோரும் இறங்கி நடந்தால் பஸ் மட்டும்தானே பின்னால் போகும் என்றான் ஒருவன். நாம் திருப்பம் வரைக்கும் நடப்போம், ஆனால் பின்னால் நடக்கவில்லை, முகம் பார்க்கிற திசையில் முன்னால்தான் நடக்கிறோம் என்றான் இன்னொருவன். எஞ்சினை அணைத்துத் தள்ளினால் அது ரிவர்ஸ் கணக்கில் வராது என்று மூன்றாமவன் சொல்ல, இறக்கத்தில் உருண்டால் யாரடா பிடிப்பது என்று அவன் முதுகில் ஒரு அடி விழுந்தது. ஸ்தாமென் எல்லாவற்றையும் கேட்டார். வேத பாடசாலைத் தலைவர் மாதிரி விரலைத் தூக்கினார்.

"ஆள் இல்லாத பஸ் வெறும் இரும்பு. இரும்புக்கு அதிர்ஷ்டமும் கிடையாது துரதிர்ஷ்டமும் கிடையாது. ஆனா ஓட்டறதுக்கு ஒருத்தன் உள்ள உக்காந்தே ஆகணும். அத்தனையும் அவன் தலையிலதான் இறங்கும். அவன் இன்னிக்குப் புல்லை மிதிக்கக் கூடாது. பெஞ்சுலயும் உக்காரக் கூடாது. மைதானத்துக்குள்ளயே வரக் கூடாது."

பென்கோவை விட்டால் பஸ் ஓட்டத் தெரிந்தவன் ஓக்னியன் ஒருவன்தான் என்பது அங்கே எல்லோருக்கும் தெரியும். தன்யூப் கரை கிளப்பில் டிரைவர் கோபித்துக்கொண்டு போன குளிர்காலத்தில் அவனே லைசன்ஸ் எடுத்து, நாலு மணி நேரம் ஓட்டிப் போய், ஆடி, மறுபடி நாலு மணி நேரம் ஓட்டி வருவான். யாரும் அவனைப் பார்க்கவில்லை. பார்க்காமல் இருக்க எல்லோரும் செர்ரி வாளியைப் பார்த்தார்கள்.

இந்த மேட்சை அவன் எத்தனையோ முறை மனதுக்குள் ஆடிவிட்டிருந்தான். வலது பக்கத்திலிருந்து பந்து வரும், காலத்தை நிறுத்தி வைத்துவிட்டு அவன் எம்புவான், தலையால் முட்டுவான். அப்புறம் நெவேனா நிற்கிற பக்கம் ஓடுவான். அதில் ஒவ்வொரு புல்லும் அவனுக்குத் தெரியும். அதை இப்போது யாருக்கோ கொடுத்துவிட வேண்டும். யாருக்கு என்றுகூடத் தெரியாது. ஸ்ட்ரைக்கர் என்பவன் தூக்கத்தில்கூடப் பந்தை எனக்குக் கொடு என்று கேட்கிறவன். இதுவரைக்கும் அவன் யாருக்காவது எதையாவது விட்டுக்கொடுத்திருக்கிறானா என்று யோசித்தான். பந்தையும் கொடுத்ததில்லை. நெவேனா விட்டுவந்த பத்துக் கடைகள் ஞாபகம் வந்தன. விட்டுக்கொடுத்தவள் அவள்தான்; அவன் அதை வாழ்க்கை என்று பெயர் வைத்துக் கூப்பிட்டுக்கொண்டிருந்தான்.

சாவியை எடுத்துக்கொண்டான்.

"எனக்குப் பதிலா பெஞ்சுல இருக்கற அந்தச் சின்னவனை இறக்குங்க," என்று ஸ்தாமெனிடம் சொன்னான். "அவன் பந்தை இடது பக்கம் நல்லா வெட்டி எடுத்துக்கிட்டு ஓடுவான். அவனுக்குப் பந்து கொடுக்கச் சொல்லுங்க. எனக்குக் கொடுக்கற மாதிரி உயரமா இல்ல, கால்ல."

ஸ்தாமென் அவன் தோளைத் தொட நீட்டிய கையைப் பாதியில் இழுத்துக்கொண்டார். துரதிர்ஷ்டம் இப்போதே ஒட்டிக்கொண்டால் என்ன செய்வது?

பஸ் பின்னால் நகர்வதற்கு முன்னால் கார்கள் நகர வேண்டும். கடைசிக் காரிலிருந்து ஒவ்வொன்றாக ஊர்ந்தன. பஸ்ஸை ஒட்டிக் கடைசியாக நின்றது பச்சை ஓப்பல். நெவேனாவுக்கு ரிவர்ஸ் வராது. இத்தனை ஊர் மாறியதிலும் சந்திலிருந்து காரை எடுத்துத் தருவது அவன் வேலை. இப்போது கண்ணாடியில் அந்தக் கார் ஓடையைப் பார்த்து ஒரு முறையும் பாறையைப் பார்த்து ஒரு முறையும் போய்க்கொண்டிருந்தது. வெலிச்கா ஜன்னல் வழியாக இடுப்பு வரைக்கும் வெளியே வந்து, "ஒடி, ஒடி, இந்தப் பக்கம் இல்லடி, அந்தப் பக்கம்," என்று ஊரே கேட்கச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

போன் அடித்தது.

"ஓகி, அங்க உக்காந்து என்ன பண்றே?"

"பஸ் ஓட்டறேன்."

"பென்கோ அண்ணன் என்ன ஆனாரு?"

"பாறைமேல இருக்காரு. நெவேனா, நீ ஸ்டியரிங்கைக் கொஞ்சமா திருப்பு. மாவு பிசையற மாதிரி திருப்பாதே."

"அப்ப நீ ஆடலயா?"

"ஆட முடியாது. பின்னால போனவன் ஆடக் கூடாதாம்."

"எனக்காகவா இது?"

"உனக்காக இல்ல. எனக்காக. பாறை. நெவேனா, பாறை."

"பாத்துட்டேன், கத்தாதே."

அவர்கள் இரண்டு பேரும் அப்படியே பின்னால் போனார்கள், அவள் முதலில், அவன் அவள் பின்னால், இல்லை, அவள் பின்னால் என்று சொல்வதா முன்னால் என்று சொல்வதா, அவனுக்கே குழம்பியது. குழப்பம் வயிற்றில் கிச்சுக்கிச்சு மூட்டியது. முன்னால் பெரிய கண்ணாடிக்கு வெளியே மொத்த டீமும் அவனைப் பார்த்து நடந்து வந்துகொண்டிருந்தது. தீஹோமிர் செர்ரி வாளியைச் சுமந்து வந்தான். பென்கோ கண்ணை மூடிக்கொண்டு, ஒருவன் கையைப் பிடித்தபடி வந்தார். அவர்களுக்குப் பின்னால் மஞ்சள் பஸ் மூக்கை ஆட்டிக்கொண்டு மெதுவாக. ஸ்ட்ரைக்கருக்கு டீம் எப்போதும் முதுகுப் பக்கம்தான். இருபது வருஷமாக அவன் வலையைப் பார்த்து நின்றிருக்கிறான். இவர்கள் பின்னாலிருந்து எதையாவது அனுப்புவார்கள் என்று காத்திருக்கிறான். இவர்களுடைய முகங்களை இப்படி ஒரே சட்டத்துக்குள் அவன் பார்த்ததே இல்லை. எவ்வளவு அசட்டு முகங்கள். அவன் ஹாரனை அடித்தான். அவர்கள் பயந்து துள்ளினார்கள். மறுபடி அடித்தான். பஸ் தனியாக, காலியாக, பின்பக்கமாக ஆடிக்கொண்டு போக, உள்ளே அவன் ஒருவனே சத்தமாகச் சிரித்துக்கொண்டு போனான்.

வால்நட் மரம் வந்தது. பஸ் அதைத் தாண்டிப் பின்னால் போய் நின்று, மூக்கைத் திருப்பி, டீமை ஏற்றிக்கொண்டு மலையேறியது. ஐந்தரைக்கு இரண்டு நிமிஷம் இருக்கும்போது எல்லோரும் மைதானத்தில் இருந்தார்கள்.

ஓக்னியன் மட்டும் கம்பி வேலிக்கு வெளியே, பெண்களோடு. டிராக் சூட்டுக்குள் ஒன்பதாம் எண் ஜெர்சி அப்படியே இருந்தது. நெவேனா அவனுக்குக் காகிதச் சுருளில் விதை வாங்கிக் கொடுத்தாள். இத்தனை வருஷத்தில் அவர்கள் ஒரு மேட்சைச் சேர்ந்து பார்த்ததே இல்லை என்பது அப்போதுதான் இருவருக்கும் உறைத்தது.

"ஆஃப்சைடுன்னா என்ன?" என்று அவள் மெதுவாகக் கேட்டாள்.

"உனக்குத் தெரியாதா?"

"உன்னை அடிக்கடி அதுக்குத் திட்டுவாங்க, அது தெரியும். நான் உன்னை மட்டும்தான் பாப்பேன். பந்து எங்க இருக்குன்னுகூடப் பாத்ததில்ல."

அவன் விதைத் தோலை வைத்து வேலிக் கல்லின்மேல் விளக்கினான். விளக்கி முடிப்பதற்குள் முதல் பாதி முடிந்திருந்தது. கோல் இல்லை. சமநிலையில் முடிந்தால் கலினோவெட்ஸ்தான் மேலே போகும். வருஷம் முழுக்க அவர்கள் போட்ட கோல் அதிகம்.

இரண்டாம் பாதியில் அந்தச் சின்னவன் நன்றாகவே வெட்டினான். காலில் பந்து வந்தால் பூனை மாதிரி போனான். ஒரு தடவை பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பியது. ஓக்னியனின் வலது கால் தானாக எழும்பி வேலியை உதைத்தது. அப்புறம் யாரோ சின்னவனின் கணுக்காலில் சறுக்கி விழ, அவன் எழுந்திருக்கவில்லை. தோளில் சுமந்து வெளியே கொண்டுவந்தார்கள். ஸ்தாமென் பெஞ்சைப் பார்த்தார். மாற்று ஆட்டக்காரர்களை எல்லாம் இறக்கியாயிற்று. அங்கே தீஹோமிர் ஒருவன்தான், செர்ரி வாளியோடு.

ஸ்தாமெனின் கண்கள் மெதுவாக நகர்ந்து வேலிக்கு வந்தன. ஓக்னியன் தன்னையறியாமல் எழுந்து நின்றான். விதைகள் மடியிலிருந்து சிதறின. ஒரு வார்த்தை, ஒரு தலையசைப்பு போதும், வேலியைத் தாண்டிக் குதித்துவிடுவான். இரண்டு பேரும் அப்படியே பார்த்துக்கொண்டார்கள். ஸ்தாமெனின் முகத்தில் ஆசையும் பயமும் மாறி மாறி ஓடின. பயம் ஜெயித்தது.

"தீஹோமிர், கையுறையைக் கழட்டு."

மைதானம் முழுக்க ஒரு சிரிப்பு எழுந்தது, காற்று மாதிரி ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் போயிற்று. தீஹோமிர் கழற்றினான். ஆனால் அவன் போட்டிருந்தது கோல்கீப்பரின் ஆரஞ்சு நிறம். அதோடு மைதானத்தில் ஓட முடியாது. அவன் வேலிப்பக்கம் வந்து நின்றான்.

"அண்ணே, உங்க சட்டை."

ஓக்னியன் டிராக் சூட்டின் மேல்சட்டையைக் கழற்றி, ஜெர்சியைத் தலைவழியாக உருவிக் கம்பிக்கு மேலே எறிந்தான். தீஹோமிரின் தொப்பைக்கு அது எட்டவில்லை. தொப்புள் தெரிய, ஒன்பதாம் எண் முதுகில் விரிந்து எட்டா ஒன்பதா என்று புரியாமல் நெளிய, அவன் உள்ளே ஓடினான். ரெஃபரி தன் சீட்டில் ஏதோ எழுதிக்கொண்டார்.

"எங்க நிக்கணும்?" என்று தீஹோமிர் உள்ளேயிருந்து கத்தினான்.

"அவங்க கோல்கீப்பர் பக்கத்துல நில்லு," என்று ஓக்னியன் கத்தினான். "கோல்கீப்பர் மனசு உனக்குத் தெரியும். அவன் எங்க பாக்கறானோ அங்க போய் நில்லு."

தீஹோமிர் போய் நின்றான். பத்து நிமிஷம் எதுவும் நடக்கவில்லை. நின்றான், அவ்வளவுதான், கதவு மாதிரி. கலினோவெட்ஸ் கோல்கீப்பர் இந்தப் பக்கம் எட்டிப் பார்த்தான், அந்தப் பக்கம் எட்டிப் பார்த்தான், எங்கே பார்த்தாலும் தொப்பை. கடைசியில் யாரோ வலது பக்கத்திலிருந்து பந்தை உயரமாகத் தூக்கினார்கள், ஓக்னியனுக்குத் தூக்குகிற அதே பழக்கத்தில். தீஹோமிருக்கு அது தன்னைத் தாக்க வருகிற பொருளாகத்தான் தெரிந்தது. பிடிக்கக் கைகளைத் தூக்கினான், பிடிக்கக் கூடாது என்று ஞாபகம் வந்து கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டான். பந்து தொப்பையில் விழுந்து, தட் என்று, வலைக்குள் உருண்டது.

ஓக்னியன் எப்படி வேலியின் உச்சிக்குப் போனான் என்று அவனுக்குத் தெரியாது. டிராக் சூட்டின் கால் கம்பியில் மாட்டிக் கிழிந்தது. தான் போட்ட எந்த கோலுக்கும் அவன் இப்படிக் கத்தியதில்லை. கோல் போட்டவனுக்குக் கத்துவதற்கு முன்னால் தான் எப்படித் தெரிகிறோம் என்ற யோசனை ஒன்று வந்துவிடும். இப்போது அந்த யோசனையே இல்லை. கீழே வெலிச்கா, கிளப் முதலாளி, தெரியாத ஒரு போலீஸ்காரரை முத்தமிட்டுக்கொண்டிருந்தாள்.

ஒலிபெருக்கி கரகரத்தது. தோப்லி ஊர்க்காரர் யாரோ கையிலிருந்த ஆட்டக்காரர் பட்டியலைப் பார்த்து வாசித்தார்: "கோல் போட்டவர், பெலவோடா, எண் ஒன்பது, ஓக்னியன்."

வேலியின் உச்சியில் உட்கார்ந்தபடி, மேலே பனியனும் இல்லாமல், ஓக்னியன் தன் பெயரைக் கேட்டான்.

"நீ போட்டதுலயே இதுதான் அழகான கோல்," என்றாள் நெவேனா கீழேயிருந்து. சிரிப்பில் அவளுக்கு மூச்சு வாங்கியது. "ஆஃப்சைடு இல்லயே?"

"இல்ல. தொப்பை சரியா லைன்ல இருந்துச்சு."

அதற்குமேல் கோல் விழவில்லை. விசில் ஊதியதும் டீம் தீஹோமிரைத் தூக்கப் பார்த்து, முடியாமல் புல்லில் போட்டு, அவன்மேலேயே விழுந்தது. பென்கோ தடை நீங்கிய சந்தோஷத்தில் பஸ்ஸில் ஏறி, வாகனம் நிறுத்துகிற இடத்தில் வட்டம் வட்டமாகப் பின்னால் ஓட்டிக்கொண்டிருந்தார். ஸ்தாமென் வேலிக்கு வந்து, "பாத்தியா, நீ உள்ள வராததாலதான் ஜெயிச்சோம்," என்றார், மிகவும் உண்மையாக. ஓக்னியன் ஒத்துக்கொண்டான்.

த்ராகோமிர் தன் பஸ்ஸுக்குப் போகும் வழியில் நின்றார். தோற்றவரின் முகம், ஆனாலும் உதட்டோரம் ஏதோ துடித்தது.

"தொப்பைடா," என்றார். "வாழ்நாள் முழுக்கச் சொல்லிச் சொல்லிச் சாவேன்."

"கோச், அன்னிக்கு நான் சொல்லாம போனது..."

"காலுறையைத் துவைச்சு வெச்சிருந்தேன். அப்புறம் வேற பையன் போட்டுக்கிட்டான்." அவர் கையை நீட்டினார். "இப்பவாவது சொல்லிட்டுப் போ."

"போயிட்டு வரேன் கோச்," என்றான் ஓக்னியன். நீட்டிய கையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டான்.

வீட்டுக்கு அவன் பஸ்ஸில் போகவில்லை. ஓப்பலில், நெவேனாவின் பக்கத்தில். பின்னிருக்கையில் வெலிச்கா அடுத்த வருஷத்து ஆட்டக்காரர்களை உரக்க வாங்கிக்கொண்டே வந்தாள். சமவெளி வந்ததும் தூங்கிப்போனாள். வெயில் இன்னும் மிச்சமிருந்தது. வயல்களில் சூரியகாந்தி முழங்கால் உயரம்.

"தோத்திருந்தா நீ என்கூட வந்திருப்பியா?" என்று ஓக்னியன் கேட்டான். கேட்டுவிட்டுத் தன் குரலைத் தானே கேட்டுத் திடுக்கிட்டான்.

நெவேனா கியரை மாற்றினாள். "ஜெயிச்சாச்சு இல்ல? அதை ஏன் இப்பக் கேக்கறே?"

அவன் காத்திருந்தான். அவள் முகத்தைப் பக்கவாட்டில் பார்த்தான். அங்கே பதில் இருந்திருக்கலாம், இல்லாமலும் இருந்திருக்கலாம். சில மாதங்களாக அவனைத் தின்றுகொண்டிருந்த கேள்வி, பதிலில்லாமலே, காருக்குள் ஒரு பயணி மாதிரி சாதுவாக உட்கார்ந்து வந்தது. அது அப்படியே வரட்டும் என்று தோன்றியது. இனி அதற்கு நேரம் இருந்தது.

பெலவோடாவின் சதுக்கத்தில் செய்தி முன்னாலேயே வந்துசேர்ந்திருந்தது. ஹாரன்களும், யாரோ அடித்த மத்தளமும், நடுவில் தீஹோமிருக்காகக் காத்திருக்கும் கூட்டமும். கார் நகர முடியாமல் நின்றது. மாவு படிந்த மேலங்கியோடு பேக்கரியிலிருந்து ஒரு பெண் ஓடிவந்து ஜன்னலைத் தட்டினாள்.

"நெவேனா அக்கா, எனக்கு செப்டம்பர்ல கல்யாணம். முடி அலங்காரம் நீங்கதான் பண்ணணும். தேதி இருபதாம் தேதி. இருப்பீங்களா?"

எந்த ஊரிலும் நெவேனா இந்த மாதிரிக் கேள்விக்குப் 'பாக்கலாம்' என்றுதான் சொல்வாள் என்பது ஓக்னியனுக்குத் தெரியும். அவன் வேறு பக்கம் பார்ப்பது போல் உட்கார்ந்து, மூச்சைப் பிடித்துக்கொண்டான்.

"காலையில ஏழு மணிக்கு வந்துடு," என்றாள் நெவேனா. "தலை குளிச்சிட்டு வராதே, அதையும் நானே பண்ணிவிடறேன்."